இரண்டாம் கேள்விக்கு ‘இல்லை’

முன்னறையிலிருந்து ஒரு மூச்சுச் சத்தம் கேட்டது.

சமையலறையில் தேநீரை வடிகட்டிக்கொண்டிருந்தவளின் கை அப்படியே நின்றது. தொண்டைக்குள் எதையோ கரகரவென்று இழுப்பது போன்ற மூச்சு. அப்புறம் வெறும் இரைச்சல். அதற்கு மேல் ஒரு பெண்ணின் பதறிய குரல்: “மூச்சு விடுறாருங்க. விடுறாரு. சத்தம் கேக்குது பாருங்க.” மறுபடி அந்த இழுப்பு. பட்டென்று எல்லாம் அடங்கியது.

வந்திருந்த விசாரணை அதிகாரி, தான் கொண்டுவந்த ஒலிப்பதிவு சரியாக ஓடுகிறதா என்று சோதித்துப் பார்த்தார், அவ்வளவுதான். வேலையிலிருந்து நிறுத்திவைக்கப்பட்டுப் பதினோரு நாள் ஆகிறது. அந்தப் பதினோரு நாளும் காதைவிட்டு அகலாத சத்தம் அது. இன்று வீட்டுக்கே வந்து நாற்காலி போட்டு உட்கார்ந்துவிட்டது.

கன்ட்ரோல் ரூமில் அவளுக்குப் பாம்புக்காது என்று பெயர். ஆம்புலன்ஸ் கேட்டு வருகிற அழைப்புகளை எடுத்துப் பேசுகிற வேலை. பத்தொன்பது வருஷமாக அதே நான்காம் நாற்காலி. ஜன்னலோரம் வேண்டுமா என்று எத்தனையோ தடவை கேட்டும் மாறவில்லை. அந்த நாற்காலியின் ஒரு சக்கரம் கிறீச்சிடும். அந்தக் கிறீச் இல்லாவிட்டால் எனக்கு வேலை ஓடாது என்பாள். மாடிப்படியில் காலடி கேட்டால் யார் வருகிறார்கள், கையில் பை கனக்கிறதா இல்லையா என்று சொல்லிவிடுவாள். கல்லூரி விடுதியில் இருக்கும் மகள் போனில் “நல்லா இருக்கேம்மா” என்று ஆரம்பித்த உடனேயே “எந்தப் பாடத்துல போச்சு?” என்று கேட்டு மானத்தை வாங்கியிருக்கிறாள்.

கன்ட்ரோல் ரூமில் திரையில் நிற்கும் கேள்விகளை மரம் என்பார்கள். தலைகீழ் மரம், வேர் மேலே, இலைகள் கீழே. முதல் கேள்வி, ஆள் நினைவோடு இருக்கிறாரா. இரண்டாவது, மூச்சு விடுகிறாரா. ‘ஆம்’ என்று அமுக்கினால் ஒரு கிளை திறக்கும், ‘இல்லை’ என்று அமுக்கினால் வேறு கிளை. ஒவ்வொரு கிளைக்கும் உட்கிளை, அதற்கும் சிறுகிளை. கடைசியில் ஓர் இலை. அந்த இலையின் நிறம்தான் வண்டி எவ்வளவு வேகமாகப் போகவேண்டும் என்பதைத் தீர்மானிக்கும். சிவப்பு விழுந்துவிட்டால் வேறு எங்கே போய்க்கொண்டிருந்தாலும் பக்கத்து வண்டியைக் கம்ப்யூட்டர் திருப்பிவிடும். மஞ்சளென்றால் வண்டி தன் முறைக்குத்தான் வரும். நுனியில் ஒரு பதில் தவறினால் பக்கத்து இலையில் விழுவோம், பெரிய மோசமில்லை. வேரருகே தவறினால் வேறு காட்டுக்கே போய்ச் சேர்ந்துவிடுவோம்.

வேலைக்குச் சேர்ந்த புதிதில் அவளும் அந்த மரத்தைப் பிடித்துக்கொண்டுதான் இறங்கினாள். அழைப்பவர் பேசுவது சொல் சொல்லாகக் காதில் விழும். ஒவ்வொன்றையும் பொறுக்கி எடுத்துக் கோர்ப்பதற்குள் வியர்த்துவிடும். ஒரு வருஷம் போனதும் சொற்கள் வாக்கியமாகவே வந்து விழுந்தன. ஐந்து வருஷத்தில் வாக்கியமும் போய், அழைப்பே ஒரே சத்தமாகக் கேட்க ஆரம்பித்தது: இது விழுந்த வீடு, இது தீப்பட்ட வீடு, இது குடித்துவிட்டுச் சண்டை போட்ட வீடு. அவள் தலைக்குள்ளும் ஒரு மரம் வளர்ந்துவிட்டது, இது நேராக நிற்கிற மரம். அதன் கீழ்க்கிளைகளில் என்ன நடக்கிறதென்று அவளுக்கே தெரியாது. உச்சியிலிருந்து முடிவு மட்டும் வந்து விழும்.

அவள் கணவர் இருபது வருஷம் லிஃப்ட் பழுதுபார்த்தவர், முழங்கால் போன பிறகு வீட்டில் இருக்கிறார். ஒவ்வொரு கேள்வியாகத்தான் இறங்கவேண்டும் என்கிற கம்ப்யூட்டரை அவர் கிண்டலடிப்பார். பத்தாவது மாடிப் பொத்தானை அமுக்கியவனை ஒவ்வொரு மாடியிலும் நிறுத்திக் கதவைத் திறந்து காட்டுகிற லிஃப்ட்டை எந்த மடையன் செய்தான் என்று கேட்பார். ஆனால் கம்ப்யூட்டர் அப்படித்தான். ஒரு படியும் தாண்ட விடாது. அதனால் பழைய ஆட்கள் ஒரு தந்திரம் கண்டுபிடித்திருந்தார்கள். முதலில் இலையை முடிவு செய்துகொள்வது, பிறகு அந்த இலைக்குப் போகிற பதில்களாகப் பார்த்து மேலேயிருந்து அமுக்கிக்கொண்டே வருவது. விடையைப் பார்த்துக் கணக்குப் போடுவது என்று தங்களுக்குள் சொல்லிச் சிரிப்பார்கள். எல்லோரும் செய்வதுதான். யாரும் வெளியே சொல்லமாட்டார்கள்.

இந்த ஒலிப்பதிவில் உள்ள காலை நேரத்து அழைப்பிலும் அவள் செய்தது அதைத்தான். மூச்சு விடுகிறார் என்று அந்தப் பெண் மூன்று தடவை சொன்னாள். இவள் விரல் ‘இல்லை’யை அமுக்கியது. சிவப்பு விழுந்தது. குளியலறையில் வழுக்கி இடுப்பெலும்பு முறிந்த ஒரு பெரியம்மாவை எடுக்கப் போய்க்கொண்டிருந்த வண்டி பாதி வழியில் திரும்பிப் போயிற்று. அந்தப் பெரியம்மா ஒரு மணி பத்து நிமிஷம் ஈரத் தரையில் கிடந்தாள். அவள் மகன் புகார் எழுதிக் கொடுத்துவிட்டான். ஒலிப்பதிவில் ‘விடுறாரு’, திரைப்பதிவில் ‘இல்லை’. இவள் அகப்பட்டுக்கொண்டாள்.

தேநீரை எடுத்துக்கொண்டு முன்னறைக்கு வந்தாள். அதிகாரிக்கு நாற்பது வயதிருக்கும். மடிப்புக் கலையாத சட்டை. காகிதங்களை முழங்கால்மேல் வைத்து ஓரம் ஓரமாகச் சீர்படுத்திக்கொண்டிருந்தார். கணவர் எதிரே உட்கார்ந்திருந்தார். மனிதர் வெளிறிப்போயிருந்தார். மேஜைமேல் கிடந்த ஒலிப்பதிவுக் கருவியை, நகர்ந்து வரும் ஏதோ பூச்சியைப் பார்ப்பதுபோல் பார்த்துக்கொண்டிருந்தார்.

கடைக்குப் போய்ப் பிஸ்கட் வாங்கி வாருங்களேன் என்று சொல்லிப் பார்த்தாள். அவர் அசையவில்லை. சார் பிஸ்கட் சாப்பிட வரவில்லை என்று சொல்லிவிட்டார்.

என்ன சொல்லவேண்டும் என்பது பதினோரு நாளாக வீட்டில் ஒத்திகை பார்த்த விஷயம். சரியாகக் கேட்கவில்லை, அந்தப் பெண் ‘இல்லை’ என்று சொன்னதாக நினைத்தேன். அவ்வளவுதான். கவனக்குறைவு என்று எழுதி ஓர் எச்சரிக்கையோடு விட்டுவிடுவார்கள், திங்கட்கிழமை நான்காம் நாற்காலி. தெரிந்தே மாற்றினேன் என்றால் அது பொய்ப்பதிவு, வேலை போய்விடும். கணவர் தலையில் அடித்துக்கொண்டு சொல்லியிருந்தார். “உனக்கு வேற என்ன தெரியும் சொல்லு. வீட்டு போனை எடுத்தாக்கூட அட்ரஸ் கேக்கிறவ நீ. அந்த நாற்காலி இல்லேன்னா நீ இல்லை.” அது உண்மைதான் என்பதால் அவளும் சரியென்றிருந்தாள்.

அதிகாரியும் கடுமையான ஆள் இல்லை. அவரே வழிகாட்டினார். பரபரப்பான நேரம், ஒரே சமயத்தில் நாலு அழைப்பு, காது தவறுவது மனித இயல்பு, அப்படித்தானே நடந்தது என்று கேட்டார்.

“ஆமா சார்,” என்றாள். “சரியா கேக்கலை.”

கணவரின் தோள் இறங்கியது. அதிகாரி எழுதினார். பேனா காகிதத்தில் ஓடும் சத்தம் அவளுக்குத் தனியாகக் கேட்டது. எழுதி முடித்து, அவள் பக்கமாகத் தாளைத் திருப்பி, கையெழுத்துப் போடவேண்டிய இடத்தைக் காட்டினார். போட்டதும் திரைப்பதிவில் உள்ள ‘இல்லை’யை ‘ஆம்’ என்று திருத்திவிடுவார்களாம்.

முடிந்துபோன அழைப்பை எதற்குத் திருத்தவேண்டும் என்று கேட்டாள். பேனாவை எடுத்துக்கொண்டே, சும்மாதான் கேட்டாள்.

வேலை சுலபமாக முடிந்த திருப்தியில் அதிகாரி விளக்கினார். அடுத்த வருஷம் ஒரு புது மெஷின் வருகிறது. அழைப்பை அதுவே கேட்டு நிறம் சொல்லிவிடும். அதற்கு யாரும் கேள்வி எழுதித் தருவதில்லை. பழைய ஒலிப்பதிவுகளைக் கொடுத்து, பக்கத்தில் சரியான பதிலையும் வைத்தால் தானே கற்றுக்கொள்ளும். அதற்குள்ளே அடுக்கு அடுக்காக இருக்கிறது. அடி அடுக்குக்குச் சத்தம் கூடுவதும் குறைவதும் மட்டும்தான் தெரியும். அடுத்த அடுக்கு அவற்றைச் சேர்த்து ஒரு துண்டாக்கும். அதற்கு மேலே உள்ளது, துண்டுகளைச் சேர்த்து இருமல், குறட்டை, ஒரு சொல் என்று பிரிக்கும். உச்சி அடுக்கு, இது மாரடைப்பு, இது வலிப்பு என்று சொல்லும். மனுஷ மூளையும் இந்த மாதிரி அடுக்காகத்தான் வேலை செய்கிறதாம், படித்தவர்கள் சொல்கிறார்கள் என்றார். தப்பான பதிலோடு ஒரு பதிவு போனால் அடுக்கு முழுக்கத் தப்பாகப் படிந்துவிடும். அதனால்தான் தகராறான அழைப்புகளை எல்லாம் முதலில் சரிபார்த்துத் திருத்துகிறார்கள். அவருடைய வேலையே அதுதான்.

அவள் பேனாவைக் கீழே வைத்தாள்.

“இந்தச் சத்தத்துக்குப் பக்கத்துல ‘ஆம்’னு போட்டா, அது என்ன சார் கத்துக்கும்?”

“என்ன கத்துக்கும். இந்த மாதிரி சத்தம் வந்தா ஆள் மூச்சு விடுறாருன்னு கத்துக்கும்.”

“எல்லா ஊருக்கும் அந்த ஒரே மெஷின்தானா?”

அதிகாரி நிமிர்ந்து பார்த்தார். கணவர் அதற்கு முன்பே பார்த்துவிட்டார். இருபத்துநாலு வருஷம் கூட வாழ்ந்தவருக்கு அந்தக் குரல் எங்கே போகிறதென்று தெரியாதா. வேண்டாம்மா என்று மெதுவாகச் சொன்னார்.

அவள் தாளை அதிகாரி பக்கமே தள்ளினாள். “நான் சொன்னது பொய் சார். எனக்கு நல்லா கேட்டுச்சு. அந்தம்மா விடுறாருன்னுதான் சொன்னாங்க. நான் தெரிஞ்சேதான் ‘இல்லை’ போட்டேன்.”

வெளியே வராந்தாவில் யாரோ வாளியைத் தரையில் இழுத்துப் போனார்கள்.

அதிகாரி எழுதிய தாளை இரண்டாக மடித்தார், கிழிக்கவில்லை. இதன் பொருள் என்னவென்று தெரியுமா என்று கேட்டார். தெரியும் என்றாள். இந்தத் தாள் இன்னும் இங்கேதான் இருக்கிறது, ஐந்து நிமிஷம் யோசிக்கலாம் என்றார். யோசித்தாயிற்று என்றாள். இடுப்பு முறிந்து தரையில் கிடந்த பெரியம்மாவுக்கு என்ன பதில் என்று கேட்டார். அவர்கள் பட்ட வேதனை பட்டதுதான், அதை நான் இல்லையென்று சொல்லவில்லை என்று மட்டும் சொன்னாள்.

அதிகாரி புதுத் தாளை எடுத்தார். அவர் குரல் இப்போது மாறிவிட்டிருந்தது.

“சரி. தெரிஞ்சே போட்டீங்க. ஏன்? ‘தோணுச்சு’ன்னு எழுத முடியாது மேடம். தோணினதுக்குக் காரணம் இல்லேன்னா, உங்களையும் அனுப்பிடுவாங்க, பதிவையும் ‘ஆம்’னு திருத்திடுவாங்க. ரெண்டும் போகும்.”

எப்படித் தெரியும் என்று கேட்டால் என்ன சொல்வது? பார்த்த முகத்தை எப்படி அடையாளம் கண்டாய் என்றால் யாரால் சொல்லமுடியும்? உச்சியிலிருந்து விழுந்த முடிவுதான் அவள் கையில் இருந்தது. கீழே உள்ள படிகள் இருட்டில் கிடந்தன. இதுவரை அவள் ஒரு தடவைகூட அந்தப் படிகளில் இறங்கிப் பார்த்ததில்லை. இன்னொரு தடவை போடுங்கள் என்றாள்.

அவர் போட்டார். கரகர. இரைச்சல். விடுறாருங்க. கரகர. மறுபடி கரகர. அவளுக்குச் சாவு கேட்டது. அதைத் தவிர வேறொன்றும் கேட்கவில்லை.

மறுபடி போடச் சொன்னாள். கண்ணை மூடினாள். அந்தப் பெண்ணின் பேச்சைத் தள்ளினாள். பின்னால் ஓடிக்கொண்டிருந்த மின்விசிறியைத் தள்ளினாள். மூச்சை மட்டும் தனியே நிறுத்தி, அதையும் உடைத்துப் பார்க்க முயன்றாள். ஆரம்பம் எப்படி, நடு எப்படி, முடிவு எப்படி. நெற்றி வியர்த்தது. மூன்றாவது தடவையும் காது கைவிரித்துவிட்டது. அதிகாரி கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டார்.

உண்மையில் அவளைத் தடுத்தது காது அல்ல. படிகளில் இறங்கினால் அடியில் என்ன இருக்கிறதென்று அவளுக்குத் தெரியும். எட்டு வருஷமாக மூடிவைத்தது. இதே அறையில், இதோ கணவர் உட்கார்ந்திருக்கும் இடத்துக்குப் பக்கத்தில், அவருடைய அண்ணன் மார்பைப் பிடித்துக்கொண்டு சாய்ந்தார். அப்போது அவள் வேலையில் இருந்தாள். அழைப்பு அவளுக்கு வரவில்லை. இரண்டாம் நாற்காலிக்குப் போயிற்று. இரண்டாம் நாற்காலிக்காரி ஒழுங்காகக் கேள்வி கேட்டு, கேட்ட பதிலை ஒழுங்காக அமுக்கி, ஒழுங்காக மஞ்சள் நிறத்தில் வண்டி அனுப்பினாள். வண்டி வர இருபத்தாறு நிமிஷம், அதற்குள் அண்ணன் போய்விட்டார். அன்று எல்லா வண்டியும் வெளியே போயிருந்தது என்று கணவரிடம் இவள் சொன்னாள். அவர் நம்பினார். ஆனால் அந்த ஒலிப்பதிவை இவள் யாருக்கும் தெரியாமல் நாற்பது ஐம்பது தடவை கேட்டிருக்கிறாள். அதில் கணவரின் குரல் இருந்தது. அந்தக் குரல் சொன்ன பதிலும் இருந்தது.

இப்போது இந்த மூச்சை விளக்கினால் அவருக்குப் புரிந்துவிடும்.

அவள் அவரைப் பார்த்தாள். அவர் கருவியைப் பார்த்தபடியே இருந்தார்.

“இன்னொரு தடவை போடுங்க சார். கடிகாரத்தைப் பாருங்க. முதல் இழுப்புக்கும் ரெண்டாவதுக்கும் எத்தனை செகண்டு?”

ஏழு என்றார்.

“ரெண்டாவதுக்கும் மூணாவதுக்கும்?”

பதினொன்று.

“தூங்குற ஆள் குறட்டை விட்டா ஒரே தாளமா வரும். இது தள்ளித் தள்ளிப் போகுது. இன்னொண்ணு. குறட்டை இழுத்தா திரும்ப வெளிய வரும் சார், புஸ்ஸுன்னு. இங்க வெளிய வர்ற சத்தமே இல்லை. உள்ள இழுக்குது, அப்படியே நின்னுபோகுது. ஒவ்வொரு இழுப்போட கடைசியிலயும் ‘களுக்’னு ஒண்ணு விழுது, கேளுங்க. அது தாடை தொங்குற சத்தம். இது மூச்சில்லை. நெஞ்சு நின்னுபோச்சு. மூளையோட அடித்தண்டு மட்டும் பழக்கத்துல ரெண்டு மூணு தடவை இழுத்துப் பாக்குது. பக்கத்துல நிக்கிறவங்களுக்கு அது மூச்சு மாதிரிதான் இருக்கும். அவங்க மேல தப்பே இல்லை.”

கடைசி வாக்கியத்தை அவள் அதிகாரியைப் பார்த்துச் சொல்லவில்லை.

அதிகாரி தாமே ஒரு தடவை போட்டுக் கேட்டார். இன்னொரு தடவை, கருவியைக் காதோடு வைத்து. பிறகு மடமடவென்று எழுத ஆரம்பித்தார். ஏழு, பதினொன்று, வெளிமூச்சு இல்லை, தாடை. எழுதிக்கொண்டே, இதை எங்கே கற்றுக்கொண்டீர்கள், பயிற்சியில் இவ்வளவு சொல்லித்தருவதில்லையே என்று கேட்டார்.

அவள் வாயைத் திறப்பதற்குள் கணவர் பேசினார்.

“மேல எல்லா மாடியிலும் கரண்டு போயிடும். கீழ லிஃப்ட் மோட்டார் மட்டும் ரெண்டு சுத்து சுத்தி நிக்கும். நான் பாத்திருக்கேன்.” அவர் குரல் வேறு யாருடையதோ போல் இருந்தது. “அண்ணனுக்கும் இப்படித்தான் வந்துச்சு. இல்ல?”

“ஆமாங்க.”

“அந்தப் பொண்ணு போன்ல கேட்டுச்சு. மூச்சு விடுறாரான்னு. நான் விடுறாருன்னு சொன்னேன்.”

“நீங்க பார்த்ததைச் சொன்னீங்க.”

“உனக்கு அப்பவே தெரியும்.”

“தெரியும்.”

“எட்டு வருஷம்.”

அவள் தலையசைத்தாள். அழுகை வரவில்லை, வந்திருந்தால் தேவலை போலிருந்தது. அதிகாரியின் பேனா நின்றிருந்தது. பார்க்கக்கூடாத ஒன்றைப் பார்த்துவிட்டவர்போல் ஆறிப்போன தேநீரை எடுத்து ஒரே மடக்கில் குடித்தார். கணவர் இரண்டு கைகளாலும் முழங்காலைப் பிடித்துக்கொண்டு குனிந்திருந்தார். அவர் முதுகு ஒரு தடவை குலுங்கிற்று. எழுந்து போய்த் தொடலாமா என்று நினைத்தாள். எட்டு வருஷம் மறைத்த கையால் தொடத் துணிவில்லாமல் உட்கார்ந்திருந்தாள்.

அதிகாரி எழுதியதை வாசித்துக் காட்டினார். அழைத்தவர் சொன்ன பதிலைத் தெரிந்தே மாற்றிப் பதிவு செய்தார். மாற்றியதற்கான காரணங்கள் கீழ்வருமாறு. அவள் கையெழுத்திட்டாள். எழுத்து கோணிக்கொண்டு போயிற்று.

அந்த ஆள் பிழைத்தாரா என்று ஒன்றைத்தான் கேட்டாள். அது என் கோப்பில் இல்லை என்றார் அதிகாரி. பொய் சொல்கிறாரா என்று குரலில் தேடிப் பார்த்தாள். இல்லை, அவருக்கு உண்மையிலேயே தெரியாது.

அவர் காகிதங்களைப் பைக்குள் வைத்துக்கொண்டு எழுந்தார். கூடவே கணவரும் எழுந்தார். முழங்கால் நிமிர மறுத்ததில் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்று, பிறகு வாசல்வரை நடந்தார். அதிகாரி செருப்பை மாட்டிக்கொண்டே, மேலே என்ன முடிவெடுப்பார்கள் என்று தன்னால் சொல்லமுடியாது, நல்ல முடிவை எதிர்பார்க்கவேண்டாம் என்றார். அதைச் சொல்ல அவருக்கே பிடிக்கவில்லை என்பது தெரிந்தது.

“வேலை போனாப் போகட்டும் சார்,” என்றார் கணவர். “அந்தப் பதிவுல ‘இல்லை’ன்னுதானே நிக்கும்?”

“இந்தக் காரணத்தைப் படிச்ச பிறகு அதை யாரும் திருத்த மாட்டாங்க. நிக்கும்.”

அதிகாரி தலையை ஆட்டிவிட்டுப் படியிறங்கினார். இரண்டு மாடியும் இறங்கிக் காலடிச் சத்தம் தேய்கிறவரை கணவர் வாசலிலேயே நின்றார். பிறகு கதவைச் சாத்தித் தாழ்ப்பாள் போட்டார்.